ஓசிக் குடை

ஒரு சின்னப் பரீட்சை வைக்கட்டுமா? பாஸானால் பரிசு கிடையாது. ஃபெயிலானால் அபராதமும் கிடையாது. நீங்களே மார்க் போட்டுக்கொள்ளலாம்.

முதல் கேள்வி. 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்தில் கட்டபொம்மனாக நடித்தது யார்? சிரிக்காதீர்கள். ஒண்ணாங்கிளாஸ் பையனுக்கே தெரியும். இரண்டாவது. ஜாக்சன் துரையாக வந்தவர்? சினிமா ஞானம் கொஞ்சம் இருந்தால் சி.ஆர்.பார்த்திபன் என்று சொல்லிவிடுவீர்கள். மூன்றாவது. அந்தக் கிஸ்தி வசனத்தை எழுதியவர்? சக்தி கிருஷ்ணசாமி. இதற்குப் பாதிப் பேர் தலையைச் சொறிவீர்கள். பரவாயில்லை.

கடைசிக் கேள்வி. அந்தப் படத்துக்குப் பணம் போட்டவர் யார்?

இதே நாலு கேள்வியை கோவில்பட்டி பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு டீக்கடையில் கேட்டுப் பார்த்தேன். கட்டபொம்மன் பெயரைச் சொன்னதுமே டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, கையை நீட்டி, மொத்த வசனத்தையும் மூச்சு விடாமல் சொல்லி முடித்தார். பெஞ்சில் இருந்த நாலு பேர் கை தட்டினார்கள். கடைசிக் கேள்விக்கு மட்டும் கடையே அமைதியாகிவிட்டது. "ஏவிஎம்மா இருக்கும்லா அண்ணாச்சி?" என்றார் ஒருவர். "இல்லவே, ஜெமினி வாசன்" என்றார் இன்னொருவர். ஓரத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த பெரியவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "சிவாஜிதாம்யா சொந்தக் காசப் போட்டு எடுத்தாரு. கயத்தாறுல செலையே அவருதான வச்சாரு" என்று தீர்ப்புச் சொன்னார்.

மூன்று பதிலும் தப்பு. பணம் போட்டவரும் படத்தை இயக்கியவரும் ஒரே ஆள். பி.ஆர்.பந்துலு.

மற்ற ஊர்க்காரர்களுக்குத் தெரியாவிட்டால் போகட்டும். கரிசல்காட்டுக்காரர்களுக்கே தெரியவில்லையே என்பதுதான் என் வயிற்றெரிச்சல். ஏன் என்று சொல்கிறேன்.

கோவில்பட்டியை நடுவில் வைத்து ஒரு வட்டம் போடுங்கள். ஐம்பது கிலோமீட்டருக்குள் பாரதி பிறந்த எட்டயபுரம். கட்டபொம்மனின் பாஞ்சாலங்குறிச்சி. 1799 அக்டோபர் 16 அன்று அவரைத் தூக்கில் போட்ட கயத்தாறு. வ.உ.சி. பிறந்த ஒட்டப்பிடாரம். ஜெயிலுக்குப் போய்வந்து, பறிபோன வக்கீல் சன்னதும் திரும்பக் கிடைத்த பிறகு வ.உ.சி. தொழில் பார்த்த ஊர் கோவில்பட்டியேதான். மழைக்கு வானத்தையும் வேலைக்குத் தீப்பெட்டி ஆபீஸையும் நம்பியிருந்த இந்த மண், 'நாங்கள் யார் தெரியுமா?' என்று நெஞ்சை நிமிர்த்துவது இந்த மூன்று பேரை வைத்துத்தான்.

சரி. இந்த மூன்று பேருக்கும் சினிமாவில் முகம் கொடுத்தது யார்? கட்டபொம்மன் என்றால் நம் கண்ணுக்குத் தெரிவது சிவாஜி முகம். வ.உ.சி. என்றாலும் சிவாஜி முகம். பாரதி என்றால் ஒரு தலைமுறைக்கே எஸ்.வி.சுப்பையாவின் முகம். மூன்றும் ஒரே கம்பெனியிலிருந்து வந்தவை. பத்மினி பிக்சர்ஸ். முதலாளி பந்துலு. 1959-ல் 'வீரபாண்டிய கட்டபொம்மன்'. 1961-ல் 'கப்பலோட்டிய தமிழன்'.

அந்த மனிதருக்குக் கரிசல்காட்டோடு ஜென்ம சம்பந்தம் எதுவும் கிடையாது என்பதுதான் இதில் வேடிக்கை!

*

1910-ல் கோலார் பக்கம் பிறந்தவர். நாடக மேடையில் வளர்ந்தவர். 1936-ல் 'சம்சார நௌகா' என்ற கன்னடப் படத்தில் நடித்தார். 1947 பொங்கலுக்கு வந்த ஏவிஎம்மின் 'நாம் இருவர்' படத்திலும் அவர் உண்டு. பாரதி பாட்டுக்களை நாடு முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்த படம் அது. ஆக, எட்டயபுரத்துக்கும் பந்துலுவுக்கும் அப்போதே ஒரு முடிச்சு விழுந்துவிட்டது. அந்தப் படத்தின் கதை ப.நீலகண்டன் எழுதிய நாடகம். பின்னால் பந்துலுவின் பட கம்பெனியில் முதல் படங்களை இயக்கியவரும் அதே நீலகண்டன்தான்.

அப்புறம் அந்த மனிதர் எடுத்த படங்களின் பட்டியலைக் கொஞ்சம் பாருங்கள். 1954-ல் 'கல்யாணம் பண்ணியும் பிரம்மச்சாரி', காமெடி. 1955-ல் 'முதல் தேதி', பேங்க் மூடப்பட்டதால் வேலை போன ஒரு குமாஸ்தா குடும்பத்தின் கண்ணீர். 1957-ல் 'தங்கமலை ரகசியம்', மாயாஜாலம். 1958-ல் 'சபாஷ் மீனா', மறுபடி காமெடி. அதே வருடம் கன்னடத்தில் 'ஸ்கூல் மாஸ்டர்', பெற்ற பிள்ளைகள் கைவிட்ட வாத்தியாராக அவரே நடித்தார். 1959-ல் சரித்திரம். 1962-ல் 'பலே பாண்டியா'வில் சிவாஜிக்கு மூன்று வேஷம். 1964-ல் 'கர்ணன்', புராணம். 1965-ல் 'ஆயிரத்தில் ஒருவன்', கடல் கொள்ளை. 1968-ல் 'ரகசிய போலீஸ் 115', துப்பறியும் படம்.

ஒரே கடையில் மளிகை, ஜவுளி, பாத்திரம், பட்டாசு எல்லாம் விற்கிற மாதிரி! 'ஒரே ஃபார்முலா ஓடுதா, அதையே திருப்பி எடு' என்று அன்றைக்கும் சொன்னார்கள், இன்றைக்கும் சொல்கிறார்கள். பந்துலு ஏனோ அதைக் காதில் வாங்கவில்லை.

கட்டபொம்மன் கதை முதலில் சிவாஜி நாடக மன்றத்தின் மேடை நாடகம். அதைப் படமாக்கலாம் என்று துணிந்தவர் பந்துலு. துணிவு என்று ஏன் சொல்கிறேன்? தமிழில் பெரும்பாலும் கறுப்பு வெள்ளைப் படம் வந்துகொண்டிருந்த காலத்தில் இதைக் கலரில் எடுத்தார். ஜெய்ப்பூர் வரை போய் ஷூட்டிங். டெக்னிக்கலர் பிரதிக்காக லண்டன் லேப். படம் ஓடவில்லை என்றால் கம்பெனியை இழுத்துப் பூட்ட வேண்டியதுதான். ஓடியது. 1960-ல் கெய்ரோவில் நடந்த ஆசிய - ஆப்பிரிக்கப் பட விழாவில் சிவாஜிக்குச் சிறந்த நடிகர், ஜி.ராமநாதனுக்குச் சிறந்த இசையமைப்பாளர் விருதுகள் கிடைத்தன.

போட்ட முதலும் வந்தது, பேரும் வந்தது. இந்த இடத்தில் நீங்களோ நானோ இருந்தால் என்ன செய்திருப்போம்? இன்னொரு வாள், இன்னொரு குதிரை, 'கட்டபொம்மன் பார்ட் டூ' என்று போயிருப்போம்.

பந்துலு என்ன செய்தார் தெரியுமா? ஒட்டப்பிடாரத்து வக்கீல் ஒருவர் கம்பெனி ஆரம்பித்து, ஜெயிலுக்குப் போய், செக்கிழுத்து, வெளியே வந்தால் கம்பெனியும் இல்லை, கூட்டமும் இல்லை... கடைசி வரை கடனோடு வாழ்ந்து செத்துப்போன கதையை எடுத்தார். ம.பொ.சி.யின் புத்தகம் அடிப்படை. படத்தில் வாள் சண்டை இல்லை. ஹீரோ ஜெயிக்கவும் மாட்டார்.

*

நான் காமர்ஸ் படித்தவன். எதைப் பார்த்தாலும் நடுவில் கோடு போட்டு, இந்தப் பக்கம் பற்று, அந்தப் பக்கம் வரவு என்று எழுதிப் பார்க்கிற புத்தி. வ.உ.சி.யை நமக்குத் தியாகி என்றுதான் அறிமுகம் செய்தார்கள். எனக்கு அவர் முதலில் ஒரு கம்பெனிக்காரர்.

சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனி பதிவானது 1906 அக்டோபர் 16. (கட்டபொம்மன் தூக்கிலேறிய அதே தேதி!) மூலதனம் 10 லட்சம் ரூபாய். 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். ஹாஜி முகமது பக்கீர் சேட் என்பவர் ஒரே ஆளாக 8,000 பங்கு வாங்கினார். 2 லட்சம் ரூபாய்! 1906-ல் 2 லட்சம் என்றால் இன்றைக்கு எவ்வளவு என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். கம்பெனிக்குத் தலைவராக இருந்தவர் பாண்டித்துரைத் தேவர். கப்பல்கள் இரண்டு. காலியா, லாவோ.

எதிரில் நின்றது பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனி. அது தூத்துக்குடி - கொழும்பு டிக்கெட்டை ஒரு ரூபாய்க்கு இறக்கியது. சுதேசி கம்பெனி எட்டணாவுக்கு இறங்கியது. வெள்ளைக்காரன் சிரித்துக்கொண்டே கடைசிச் சீட்டைப் போட்டான். 'டிக்கெட்டே வேண்டாம், சும்மா ஏறுங்க. ஏறினா ஆளுக்கு ஒரு குடை இனாம்!'

அந்தக் குடையை வாங்கியது யார்? வெள்ளைக்காரனா? இல்லை. நம்ம ஆள்கள்தான். சுதேசிக் கப்பல் ஏறக்குறைய ஆளே இல்லாமல் போய்வந்தது. வ.உ.சி. ஜெயிலுக்குப் போனது 1908-ல். கம்பெனியைக் கலைத்தது 1911-ல். கப்பல் மூழ்கியதற்கு நாம் வெள்ளைக்காரனின் அடக்குமுறையை மட்டுமே காரணமாகப் படித்தோம். பரீட்சையில் எழுதி ஐந்து மார்க்கும் வாங்கினோம். குடை வாங்கியவர்களைப் பற்றி எந்த வாத்தியாரும் கேள்வி கேட்கவில்லை. கேட்டிருந்தால், பதிலில் நம் கொள்ளுத்தாத்தா பெயர் வந்திருக்கும்.

இப்போது 1961-க்கு வாருங்கள்.

அந்த வருடம் நவம்பர் 7, தீபாவளிக்கு 'கப்பலோட்டிய தமிழன்' ரிலீஸ். அதே நாளில் எம்.ஜி.ஆரின் 'தாய் சொல்லைத் தட்டாதே'யும் ரிலீஸ். எங்கே கூட்டம் நெரித்தது என்று சொல்ல வேண்டியதில்லை. எம்.ஜி.ஆர். படத்தைப் பார்த்தவர்கள் மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை. நாள் கிழமைக்கு மனுஷன் சந்தோஷமாக இருக்கத்தான் சினிமாவுக்குப் போவான்.

என் கேள்வி வேறு. அதே 1961-ல்தான் 'பாசமலர்' வந்தது. அதிலும் சிவாஜி, ஜெமினி, சாவித்திரி. 'கப்பலோட்டிய தமிழ'னிலும் அதே மூன்று பேர். அதுவும் அழ வைக்கிற படம், இதுவும் அழ வைக்கிற படம். அங்கே வெள்ளி விழா வரைக்கும் கர்ச்சீப் நனைந்தது. இங்கே தியேட்டர் காற்றாடியது. கற்பனை அண்ணன் ஒருவனுக்காக அழுத தமிழ்நாடு, நிஜமாகவே செக்கிழுத்த அண்ணனுக்காக அழ மறுத்துவிட்டது.

அந்த வருடத்தின் சிறந்த தமிழ்ப் படம் என்று மத்திய அரசு விருது கொடுத்தது. பின்னாளில் மாநில அரசு கேளிக்கை வரியை விலக்கியது. சுடுகாட்டுக்கு வைத்தியரை அனுப்பிய கதை! முதல் போட்டவரின் கல்லாவுக்கு அதெல்லாம் வந்து சேரவில்லை.

வ.உ.சி. கம்பெனி ஆரம்பித்தார், நஷ்டம். வ.உ.சி.யைப் பற்றிப் படம் எடுத்தவருக்கும் நஷ்டம். ஐம்பத்தைந்து வருட இடைவெளியில் ஒரே கப்பலை நாம் இரண்டு தடவை கவிழ்த்திருக்கிறோம்.

*

நீங்கள் சண்டைக்கு வருவது எனக்குத் தெரிகிறது. 'யோவ், படம் போரடிச்சிருக்கும். நாங்க எதுக்குக் காசு கொடுத்துப் பாக்கணும்? தேசபக்திக்கு டிக்கெட் வாங்கணும்னு சட்டமா?'

நியாயமான கேள்வி. கட்டபொம்மனைப் பார்த்துவிட்டு, அதே கர்ஜனையை எதிர்பார்த்து வந்த ரசிகனுக்கு, தாடி நரைத்து, தோள் சரிந்து, பேச்சே எழும்பாத சிவாஜி ஏமாற்றமாக இருந்திருக்கலாம். ஒப்புக்கொள்கிறேன். படம் என்பது பண்டம். பிடித்தால் வாங்குவோம், பிடிக்காவிட்டால் நகர்ந்து போவோம். தயாரிப்பாளரும் வியாபாரிதான். தர்ம சத்திரம் நடத்த வரவில்லை.

ஆனால் போரடித்த படத்தைப் பிறகு நாம் என்ன செய்தோம்? அதைத் தூக்கி எறிந்திருந்தால் நேர்மை. நாம் அப்படிச் செய்யவில்லை. தூர்தர்ஷனில் ஒவ்வொரு ஆகஸ்ட் 15-க்கும் ஜனவரி 26-க்கும் எதிர்பார்த்து உட்கார்ந்து பார்த்தோம். பஞ்சாயத்து டி.வி. முன்னால் தரையில் உட்கார்ந்து பார்த்து அழுத கூட்டத்தில் நானும் ஒருவன். இன்றைக்கு யூடியூபில் பார்க்கிறோம். பார்த்துவிட்டு, 'இந்த மாதிரிப் படமெல்லாம் இப்ப எவன் எடுக்கிறான்?' என்று பெருமூச்சு வேறு!

காசு கேட்டபோது போரடித்தது. ஓசியில் வந்ததும் காவியமாகிவிட்டது. இதற்கு என்ன பெயர் சார்?

நான் சொல்கிறேன். குடை.

*

'கர்ணன்' கதை இதைவிடப் பெரிய வேடிக்கை. 1964 பொங்கலுக்கு வந்தது. குருக்ஷேத்திரத்துக்கே போய், ராணுவத்தின் குதிரைப் படையை எல்லாம் வரவழைத்து எடுத்த படம். என்.டி.ஆர். கிருஷ்ணர். விஸ்வநாதன் - ராமமூர்த்தி இசை. எதிரே அதே நாளில் எம்.ஜி.ஆரின் 'வேட்டைக்காரன்'. கொட்டிய பணத்துக்கு ஏற்ற வசூல் 'கர்ண'னுக்கு இல்லை.

நாற்பத்தெட்டு வருடம் கழித்து, 2012 மார்ச்சில் அதே 'கர்ணனை' டிஜிட்டலில் துடைத்துப் புதுசாக்கி வெளியிட்டார்கள். நூறு நாளைத் தாண்டி ஓடியது! மல்ட்டிபிளெக்ஸில் கியூ. 'அந்தக் காலத்திலேயே என்னமா எடுத்திருக்கான்யா' என்று புல்லரித்தோம். எல்லாம் சரி. எடுத்தவர் போய்ச் சேர்ந்தது 1974 அக்டோபரில். கைதட்டல் முப்பத்தெட்டு வருடம் லேட்!

'கர்ணனு'க்குப் பிறகு, அதே வருடம் சிவாஜியின் நூறாவது படம் எது, 'நவராத்திரி'யா 'முரடன் முத்து'வா என்பதில் மனஸ்தாபம். பந்துலு சிவாஜியை விட்டு விலகினார். எம்.ஜி.ஆரிடம் போனார். அடுத்த வருடம் 'ஆயிரத்தில் ஒருவன்'. எம்.ஜி.ஆரும் ஜெயலலிதாவும் ஜோடி சேர்ந்த முதல் படம். அதற்கு முந்தின வருடம் 'சின்னத கொம்பே' என்ற கன்னடப் படத்தில் அந்தப் பெண்ணைக் கதாநாயகியாக்கியவரும் பந்துலுதான். படம் பிய்த்துக்கொண்டு ஓடியது.

இதைத்தான் சிவாஜி ரசிகர்கள் அந்தக் காலத்தில் கட்சி தாவல் மாதிரி பேசினார்கள். நான் வேறு மாதிரி பார்க்கிறேன். 'ஆயிரத்தில் ஒருவ'னிலும் கப்பல்தான். அடிமைகள்தான். விடுதலைதான். ஆனால் இந்தக் கப்பலில் ஹீரோ ஜெயிப்பார், பாட்டுப் பாடுவார், வாள் சுழற்றுவார். நிஜக் கப்பலைக் காட்டினேன், ஏற மாட்டேன் என்றீர்கள். சரி, பொம்மைக் கப்பல் தருகிறேன், ஏறிக்கொள்ளுங்கள் என்று நம்மைப் புரிந்துகொண்ட ஒரு வியாபாரி எடுத்த முடிவு அது. அவரைக் குற்றம் சொல்ல நமக்கு யோக்கியதை கிடையாது. 'தரமான படம் எடுக்காமல் மசாலாவுக்குப் போய்விட்டார்' என்று எந்த டைரக்டரையாவது, எந்தத் தயாரிப்பாளரையாவது திட்டுவதற்கு முன்னால், அவருடைய தரமான படத்துக்கு நாம் எத்தனை டிக்கெட் வாங்கினோம் என்று எண்ணிப் பார்ப்பது நல்லது.

*

இன்னொரு குரலும் இப்போதெல்லாம் கேட்கிறது. 'பந்துலுவா? பேரே தமிழ்ப் பேரு மாதிரி இல்லையே. அவர் என்ன ஆளு?'

கன்னடச் சீமையில் பிறந்த, பந்துலு என்று பெயர் வைத்துக்கொண்ட ஒரு மனிதர்தான் 'தமிழன்' என்ற சொல்லைத் தலைப்பிலேயே வைத்து, கைக்காசைப் போட்டுப் படம் எடுத்தார். அதே 1961-ல் கன்னடத்தில் 'கித்தூர் சென்னம்மா'வும் எடுத்தார். 1970-ல் 'ஸ்ரீ கிருஷ்ணதேவராயா'. எந்த மண்ணில் எவன் வெள்ளைக்காரனை எதிர்த்து நின்றாலும் அவருக்குச் சொந்தக்காரன்தான் போலிருக்கிறது. வ.உ.சி.யின் கம்பெனிக்கு 2 லட்சம் கொடுத்த பக்கீர் சேட்டிடமும் யாரும் 'நீங்க என்ன ஆளு?' என்று கேட்டதாகத் தெரியவில்லை.

கரிசல்காட்டில் போய் இந்தக் கேள்வியைக் கேட்டால் சிரிப்பார்கள். அங்கே வீட்டுக்குள் தெலுங்கு, வாசலுக்கு வந்தால் தமிழ் என்று எத்தனையோ தலைமுறை ஓடிவிட்டது. கட்டபொம்மன் வீடே அப்படித்தான். இடைசெவல் கி.ராஜநாராயணன் 'கோபல்ல கிராமம்' எழுதி வைத்திருக்கிறார், படித்துப் பாருங்கள். வாயால் தமிழ் வாழ்க சொன்னவர்களின் பட்டியல் நீளம். அதற்காகச் சொத்தைப் பணயம் வைத்தவர்களின் பட்டியலில் ஒரு பேர் பந்துலு. எந்தப் பட்டியல் உங்களுக்கு முக்கியம்?

இவ்வளவு சொல்கிறேனே, பந்துலு கணக்கில் பற்றுப் பக்கம் ஒன்றுமே இல்லையா? உண்டு. அதையும் எழுதிவிடுகிறேன். இல்லாவிட்டால் இது ஐந்தொகை ஆகாது, புகழ்மாலை ஆகிவிடும்.

'எட்டப்பன்' என்ற ஒரு பரம்பரைப் பட்டத்தைத் தமிழ்நாடு முழுக்கத் துரோகிக்கு மறுபெயர் ஆக்கியதில் அவர் படத்துக்குப் பெரிய பங்கு உண்டு. கதைப்பாடல்களில் ஏற்கெனவே இருந்ததுதான். ஆனால் கதைப்பாடல் பத்து ஊரில் கேட்கும். டெக்னிக்கலர் பத்தாயிரம் ஊரில் பேசும். எட்டயபுரத்துப் பையன் வெளியூர் காலேஜில் சேர்ந்து ஊர்ப் பேரைச் சொன்னால் பெஞ்சே சிரிக்கும். ஒரு பாளையக்காரர் வெள்ளைக்காரனோடு சேர்ந்தார் என்றால், அன்றைக்குச் சேர்ந்தவர் அவர் ஒருவர் மட்டும்தானா? சரித்திரம் அவ்வளவு சுலபமான கதையா என்ன? கட்டபொம்மனைக் கொள்ளைக்காரன் என்று தமிழ்வாணன் புத்தகமே எழுதினார். அதை நான் ஏற்கவில்லை. ஆனால் அந்தப் படம் சரித்திரப் பாடப் புத்தகம் இல்லை என்பதையும் ஏற்கத்தான் வேண்டும். பாரதி பிறந்த ஊருக்கு ஒரு வசவை ஒட்டிவிட்டுப் போனது பந்துலுவின் பற்றுக் கணக்கு. அதைக் கழித்தாலும் மிச்சம் நிறையவே இருக்கிறது.

*

கயத்தாறில் கட்டபொம்மனைத் தூக்கில் போட்ட இடத்தில் நிலம் வாங்கி, 1970-ல் சிலை வைத்தவர் சிவாஜி. டீக்கடைப் பெரியவர் சொன்னதில் அந்த மட்டும் உண்மை. தன்னைக் கட்டபொம்மன் ஆக்கிய மண்ணுக்கு அந்த நடிகர் கடனைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். பாஞ்சாலங்குறிச்சியில் 1974-ல் அரசாங்கம் நினைவுக் கோட்டை கட்டியது. பஸ்ஸுக்குக் கட்டபொம்மன் பேர் வைத்தோம், மாவட்டத்துக்கு வ.உ.சி. பேர் வைத்தோம். 1997-ல் சாதிச் சண்டையில் பஸ் எரிந்தபோது இரண்டு பேரையும் அழித்தோம். 2011-ல் தூத்துக்குடித் துறைமுகத்துக்கு வ.உ.சி. பேர் வந்தது. பேர் வைப்பதிலும் அழிப்பதிலும் நம்மை மிஞ்ச ஆள் கிடையாது. செலவில்லாத வேலை பாருங்கள்!

அதனால் பந்துலுவுக்கு ஒரு சிலை வையுங்கள், கோவில்பட்டியில் ஒரு தெருவுக்குப் பேர் வையுங்கள் என்று நான் மனு எழுதப் போவதில்லை. சிலை வைத்தால் மாலை போட ஒரு தேதி கிடைக்கும், அவ்வளவுதான். மாலையும் யாராவது கட்சிக்காரர் செலவில்.

கரிசல் சம்சாரிக்கு ஒன்று தெரியும். மானாவாரிக் காட்டில் விதைக்கிறவன் ஐப்பசி மழையை நம்பி, கையில் இருக்கிற கடைசி மரக்கால் விதையையும் மண்ணில் போடுகிறான். பெய்தால் கம்பு, பருத்தி. பொய்த்தால் அந்த விதையும் போச்சு. கதிர் அறுக்கிற அன்றைக்குக் களத்தில் நிற்கிறவர்கள் நிறைய. விதைத்த அன்றைக்கு அவன் மட்டும்தான் நின்றான். பந்துலு இரண்டு முறை நம் மண்ணில் விதைத்தார். முதல் முறை மழை பெய்தது. இரண்டாவது முறை நாம் மழையாக இருக்க மறுத்துவிட்டோம்.

வ.உ.சி. 1936-ல் சாவதற்கு முன்னால் எழுதிய உயிலில், எந்தக் கடைக்கு எவ்வளவு பாக்கி என்று கடன் கணக்கை எழுதிவைத்தார். அவ்வளவு நாணயம். நம் உயிலில் நாம் யாருக்கெல்லாம் பாக்கி என்று எழுத வேண்டும்? நல்ல நாடகம் நடத்தி நொடித்துப்போன கம்பெனிக்கு. சந்தா கட்டாமலேயே படித்து, நின்றுபோன சிற்றிதழுக்கு. தியேட்டரில் மூன்று நாள்கூடத் தாங்காத, திருட்டுப் பிரதியில் மட்டும் நாம் பார்த்து மெச்சிய ஒரு சின்னப் பட்ஜெட் படத்துக்கு. பந்துலுவுக்கு. பக்கீர் சேட்டுக்கு.

பழைய பாக்கியை இனிமேல் அடைக்க முடியாது. ஆள்கள் இல்லை. புதுப் பாக்கி வைக்காமல் இருக்கலாம். அடுத்த தடவை யாராவது ஒரு கிறுக்கன் வீட்டை அடகு வைத்து நம் ஊரின் கதையை, நம் பாட்டனின் கதையை எடுத்துக்கொண்டு வந்து நிற்பான். நிச்சயம் வருவான், அந்த ஜாதி இன்னும் அழியவில்லை. அப்போது 'டெலிகிராம்ல வந்துரும்லா' என்று காத்திருக்காமல், பாக்கெட்டில் கையை விட்டு ஒரு டிக்கெட் வாங்குங்கள். படம் மோசமாக இருந்தால் திட்டிக்கொண்டே வெளியே வாருங்கள். காசு கொடுத்தவனுக்குத் திட்டுவதற்கு முழு உரிமை உண்டு.

தூத்துக்குடியில் அன்றைக்கு வாங்கிய அந்தக் குடைகளை நினைத்துப் பார்க்கிறேன். வருஷத்தில் ரெண்டு மாசம் மழை பெய்தாலே அதிசயமான சீமை அது. வெயிலுக்குப் பிடித்திருப்பார்கள். ஒரு பருவம் தாங்கியிருக்குமா? கம்பி வளைந்து, துணி கிழிந்து, குப்பைக்குப் போயிருக்கும்.

சுதேசிக் கப்பலும் போய்விட்டது. கொழும்புக்குப் போக அடுத்த தடவை துறைமுகத்துக்கு வந்தவன், இனாம் இல்லாமல், வெள்ளைக்காரன் சொன்ன ரேட்டுக்கே டிக்கெட் எடுத்திருப்பான்.